ஃப்ளோரன்ஸ்: கைடோடு பார்ப்பதா, நாமே பார்ப்பதா?

இத்தாலிக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் ரோமுக்கு மூன்று நாள், வெனிஸுக்கு ஒரு நாள் என்று ஒதுக்கிவிட்டு, நடுவில் ஃப்ளோரன்ஸுக்கு ஒன்றரை நாளோ இரண்டு நாளோ வைத்துக்கொள்கிறார்கள். அதற்குள் உஃபிசி மியூசியம், மைக்கலாஞ்சலோவின் டேவிட் சிலை, கதீட்ரல், பழைய பாலம் எல்லாவற்றையும் பார்த்தாக வேண்டும். இணையத்தில் தேடினால் டூர்கள் கொட்டிக் கிடக்கின்றன. ஒன்று இலவசம் என்கிறது, இன்னொன்று தலைக்கு 130 யூரோ கேட்கிறது. விவரணையைப் படித்தால் இரண்டும் ஒன்று போலத்தான் தெரிகிறது. எதை எடுப்பது, அல்லது எதையும் எடுக்காமல் நாமே நடந்துவிடலாமா என்று பலர் இந்த இடத்தில் தடுமாறி நிற்கிறார்கள்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். மியூசியத்தையும் தெருவையும் ஒரே பொட்டலமாக வாங்காதீர்கள். கைடுக்குக் கொடுக்கக் கொஞ்சம் பணம்தான் இருக்கிறது என்றால் அதை உஃபிசிக்குள் செலவழியுங்கள். தெருவுக்கு மலிவான வழிகள் உண்டு. டேவிட் முன்னால் கைடே தேவையில்லை. இது எல்லோருக்கும் பொருந்தாது என்பதும் உண்மை. அதனால் ஒவ்வொரு வழியையும் எடுத்துப் பார்ப்போம்.

## எதை வைத்து எடை போடுவது

டூர்களைத் தேடுகிறவர்கள் பொதுவாக இரண்டைத்தான் பார்க்கிறார்கள்: விலை, அப்புறம் "வரிசையில் நிற்க வேண்டாம்" என்ற வாக்குறுதி. இரண்டும் முக்கியம்தான். ஆனால் போய் வந்த பிறகு திருப்தியா இல்லையா என்பதைத் தீர்மானிப்பவை வேறு.

முதலாவது, ஒரு படத்தின் முன்னால் எவ்வளவு நேரம் நிற்பது என்பதை யார் முடிவு செய்கிறார்கள்? நீங்களா, கைடா, பின்னால் வரும் அடுத்த குழுவா? கலை பார்க்கப் போகிறவருக்கு இதைவிடப் பெரிய கேள்வி இல்லை.

இரண்டாவது, படங்களில் உள்ள கதைகளில் எவ்வளவு உங்களுக்கு ஏற்கெனவே தெரியும்? உஃபிசியின் மேல்மாடியில் பாதிக்கு மேல் விவிலியக் கதைகள். வானதூதர் கபிரியேல் மரியாவிடம் வந்து மண்டியிடும் காட்சியைப் பார்த்ததும் "மங்கள வார்த்தை" என்று சொல்லிவிடக் கூடியவர், கையில் அல்லிப்பூ ஏன் என்று தெரிந்தவர், ஒரு மாதிரிப் பார்ப்பார். அது எதுவும் தெரியாமல் நிற்பவருக்கு, அடுத்தடுத்த அறைகளில் நீல முக்காடு போட்ட அதே பெண்ணும் குழந்தையும் வந்துகொண்டே இருப்பது போலத் தோன்றும். அரை மணி நேரத்தில் சலித்துவிடும்.

மூன்றாவது, கால்கள். உஃபிசியின் முக்கியக் காட்சிகள் கட்டடத்தின் உச்சியில் இருக்கின்றன. நூற்றுக்கும் அதிகமான படிகள் ஏற வேண்டும். நடக்க முடியாதவர்களுக்கு லிஃப்ட் உண்டு. ஆனால் மேலே போன பிறகும் பெரும்பாலும் நின்றுகொண்டேதான் பார்க்க வேண்டும். வெளியே பழைய நகரம் முழுக்கக் கல் பாவிய தெருக்கள். அம்மா அப்பாவைக் கூட்டிக்கொண்டு போகிறவர்கள் இதை விலைக்கு முன்னால் யோசிக்க வேண்டும்.

நான்காவது, தலைக்கு எவ்வளவு என்று பார்க்காமல் குடும்பத்துக்கு மொத்தம் எவ்வளவு என்று பார்ப்பது. இரண்டு பேருக்கு மலிவாக இருப்பது ஐந்து பேருக்கு மலிவாக இருக்காது.

கடைசியாக, டிக்கெட் கிடைக்குமா என்பது. ஏப்ரல் முதல் அக்டோபர் வரை இது உண்மையான பிரச்சினை. சில நாட்களில் டூரோடு சேர்த்து வாங்கினால்தான் உள்ளேயே போக முடியும் என்ற நிலை வரும்.

## ஒரே நாளில் எல்லாம்: கூட்டு டூர்

காலையில் கதீட்ரல் சதுக்கத்தில் ஆரம்பித்து, டேவிட் இருக்கும் அக்காதெமியா, பழைய நகரத் தெருக்கள், மதியம் உஃபிசி என்று ஐந்தாறு மணி நேரத்தில் முடிக்கும் டூர் இது. 15 முதல் 25 பேர் வரை இருப்பார்கள். கைடு பேசுவது கேட்பதற்குக் காதில் மாட்டும் சிறு ரேடியோ கொடுப்பார்கள். டிக்கெட்டோடு தலைக்குச் சுமார் 110 முதல் 150 யூரோ.

இதன் நன்மை ஒன்றே ஒன்றுதான், ஆனால் அது பெரிய நன்மை: எல்லா டிக்கெட்டும் அவர்கள் பொறுப்பு. ரோமிலிருந்து காலை அதிவேக ரயிலில் ஒன்றரை மணி நேரத்தில் வந்து, இரவே திரும்புகிறவர்களுக்கு வேறு நல்ல வழி கிடையாது. இரண்டு மியூசியங்களின் நேரத்தையும் நடுவில் சாப்பாட்டையும் பொருத்திக்கொண்டு ஓடும் தலைவலி இல்லை.

மறைந்திருக்கும் செலவு நேரத்தில் இருக்கிறது. ஐந்து மணி நேரத்தில் கூடுவது, ரேடியோ சரிபார்ப்பது, பாதுகாப்புச் சோதனை, ஒரு இடத்திலிருந்து இன்னொரு இடத்துக்கு 20 பேரை நகர்த்துவது, கழிப்பறை இடைவேளை எல்லாம் கழித்தால் உஃபிசிக்கு மிஞ்சுவது ஒன்றேகால் மணி நேரம். அதுவும் எல்லோரும் களைத்துப்போன மதியத்தில். பொத்திச்செல்லியின் "வீனஸின் பிறப்பு" முன்னால் ஐந்து நிமிடம், லியொனார்டோ முன்னால் நான்கு நிமிடம். பல குழுக்கள் மேல்மாடியோடு நிறுத்திக்கொள்கின்றன. கீழ்த்தளத்தில் இருக்கும் கரவாஜ்ஜியோவையும், ஆர்தெமீசியா ஜெந்திலெஸ்கி வரைந்த, விவிலியத்தில் வரும் யூதித்து என்ற பெண் ஒலோபெர்ன் என்ற படைத்தளபதியின் தலையை அறுக்கும் படத்தையும் பார்க்காமலே வெளியே வந்துவிடுவார்கள். அந்தப் படம் ஒன்றுக்காகவே உஃபிசிக்குப் போகலாம் என்பேன்.

இன்னொன்றையும் கவனியுங்கள். கதீட்ரல் என்று டூர் பட்டியலில் போட்டிருந்தாலும் பெரும்பாலான நடை டூர்கள் அதை வெளியிலிருந்துதான் காட்டுகின்றன. உள்ளே நுழையக் கட்டணம் இல்லை, ஆனால் வரிசை தனி. குவிமாடத்தின் உச்சிக்கு 463 படிகள் ஏற வேண்டும், லிஃப்ட் இல்லை, அதற்கு நேரம் குறித்த தனி டிக்கெட் வேண்டும். இது எந்தக் கூட்டு டூரிலும் சாதாரணமாகச் சேராது.

## உஃபிசி மட்டும்: சிறு குழு

இரண்டு மணி நேரம், 10 முதல் 15 பேர், டிக்கெட்டோடு தலைக்குச் சுமார் 65 முதல் 90 யூரோ. எனக்குப் பிடித்த வழி இதுதான். காரணத்தைக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும்.

உஃபிசியின் தொடக்க அறைகளில் ஒன்றில் மூன்று பெரிய படங்கள் இருக்கின்றன. மூன்றிலும் அரியணையில் மரியா, மடியில் குழந்தை, சுற்றிலும் வானதூதர்கள், பொன் பின்னணி. ஒன்று சிமபுவே வரைந்தது. இன்னொன்று தூச்சோவுக்கு 1285-இல் கொடுக்கப்பட்ட வேலை. மூன்றாவது, சில பத்தாண்டுகளுக்குள் ஜியொத்தோ வரைந்தது. தனியாகப் போகிறவர்கள் இந்த அறையை ஒரு நிமிடத்தில் கடந்து பொத்திச்செல்லியைத் தேடி ஓடுகிறார்கள். நல்ல கைடு இங்கே பத்து நிமிடம் நிறுத்துவார். சிமபுவேயின் வானதூதர்கள் ஒருவர் மேல் ஒருவர் அடுக்கியது போல இருப்பதைக் காட்டுவார். அப்புறம் ஜியொத்தோவின் மரியாவின் முழங்காலைப் பார்க்கச் சொல்வார். துணிக்குள் ஒரு உடல் இருக்கிறது, அதற்கு எடை இருக்கிறது, அது அரியணையில் உண்மையாகவே உட்கார்ந்திருக்கிறது. அதைப் பார்க்கக் கற்றுக்கொண்ட கண்ணுக்கு அதற்குப் பிறகு வரும் இரண்டு நூற்றாண்டுப் படங்களும் தானாகத் திறந்துகொள்கின்றன. இதை ஆடியோ கருவி சொல்லாது என்றில்லை. சொல்லும். ஆனால் நம்மை அந்த இடத்தில் நிறுத்தி வைக்காது.

அதேபோல உர்பினோவின் பிரபுவும் அவர் மனைவியும் ஒருவரையொருவர் பார்த்தபடி இருக்கும் பியரோ தெல்லா ஃபிரான்செஸ்காவின் இரட்டைப் படம். பிரபு ஏன் இடப்பக்க முகத்தை மட்டும் காட்டுகிறார்? ஈட்டிப் போட்டி ஒன்றில் வலக்கண்ணை இழந்தவர் அவர். படத்தின் பின்பக்கத்திலும் ஓவியம் உண்டு, சுற்றிப்போய்ப் பார்க்கலாம். யாராவது சொல்லாவிட்டால் நம்மில் பலர் சுற்றிப் போக மாட்டோம்.

கட்டடத்தின் கதையும் சேர்த்தே வரும். ஃப்ளோரன்ஸை ஆண்ட மெதிச்சி குடும்பத்தின் கோசிமோ, நகர நிர்வாக அலுவலகங்களுக்காக 1560-இல் கட்டடக் கலைஞர் வசாரியை வைத்துக் கட்டத் தொடங்கியது இது. அந்தக் குடும்பத்தின் கடைசி வாரிசான ஆன்னா மரியா லூயிசா, 1737-இல் ஓர் உடன்படிக்கையின் மூலம், குடும்பத்தின் கலைச்செல்வம் எதுவும் ஃப்ளோரன்ஸை விட்டு வெளியே போகக் கூடாது என்று எழுதி வைத்தார். அந்த ஒரு கையெழுத்து இல்லையென்றால் இன்று இந்தப் படங்கள் வியன்னாவிலும் பாரிஸிலும் சிதறிக் கிடந்திருக்கும்.

இந்த வழியின் இன்னொரு நன்மை பலருக்குத் தெரிவதில்லை. டூர் முடிந்ததும் நீங்கள் வெளியேற வேண்டியதில்லை. ரேடியோவைத் திருப்பிக் கொடுத்துவிட்டு உள்ளேயே இருக்கலாம். கைடு கண்ணைத் திறந்துவிட்டுப் போய்விடுவார். அதற்குப் பிறகு பிடித்த படங்களுக்கு நீங்களே திரும்பிப் போகலாம், மொட்டைமாடி காஃபி கடையில் உட்கார்ந்து ஓய்வெடுக்கலாம், கீழ்த்தளத்துக்கு நிதானமாக இறங்கலாம். அதனால் மாலை கடைசி டூரை எடுக்காதீர்கள். மியூசியம் 6:30-க்கு மூடுகிறது. காலை முதல் டூரோ, மதியம் 2 மணியை ஒட்டியதோ நல்லது.

குறைகள் இல்லாமல் இல்லை. குழுவில் யார் இருப்பார்கள் என்பது அதிர்ஷ்டம். சில நிறுவனங்கள் இரண்டு மொழிக்காரர்களை ஒரே குழுவில் சேர்த்துவிடுகின்றன. கைடு ஒவ்வொன்றையும் ஸ்பானிஷில் ஒரு முறை, ஆங்கிலத்தில் ஒரு முறை சொல்வார். இரண்டு மணி நேரத்துக்குப் பணம் கொடுத்து ஒரு மணி நேரம் கேட்கிறீர்கள். இத்தாலியர் பேசும் வேகமான ஆங்கிலம் முதல் அரை மணி நேரம் வீட்டுப் பெரியவர்களுக்குப் பிடிபடாமலும் போகலாம்.

## தனிக் கைடு

உங்கள் குடும்பத்துக்கு மட்டும் ஒருவர். மூன்று மணி நேரத்துக்குப் பெரும்பாலும் 200 முதல் 280 யூரோ, எத்தனை பேர் வந்தாலும் ஏறக்குறைய ஒரே தொகை. மியூசியம் டிக்கெட் தனி.

கணக்கைப் போட்டுப் பாருங்கள். உஃபிசி டிக்கெட் சீசனில் 25 யூரோ, முன்பதிவுக்கு மேலும் 4. இரண்டு பேர் போனால் கைடுக்கு 240, டிக்கெட்டுக்கு 58, மொத்தம் 298. சிறு குழுவில் அதே இரண்டு பேருக்கு 150 யூரோவில் முடிந்துவிடும். நான்கு பெரியவர்கள் என்றால் தனிக் கைடு 356, சிறு குழு 300. வித்தியாசம் சுருங்கிவிட்டது. பிள்ளைகள் இருந்தால் கணக்கு இன்னும் மாறும். இத்தாலிய அரசு மியூசியங்களில் 18 வயதுக்குக் கீழே எந்த நாட்டவருக்கும் நுழைவு இலவசம், முன்பதிவுக் கட்டணம் மட்டும்தான். சில குழு டூர்களோ பிள்ளைகளுக்கும் கிட்டத்தட்ட முழுப் பணம் வாங்கிவிடும்.

பத்து வயதுப் பிள்ளையோடு அல்லது எழுபது வயது அப்பாவோடு போகிறீர்கள் என்றால் நான் யோசிக்காமல் இதைத்தான் சொல்வேன். உட்கார வேண்டும் என்றால் உட்காரலாம். "இதைத் தமிழில் எங்கள் அம்மாவுக்குச் சொல்லிவிட்டு வருகிறேன்" என்று கைடை இரண்டு நிமிடம் நிறுத்தி வைக்கலாம். குழுவில் அது முடியாது. பிள்ளைக்குப் பிடித்தது கரவாஜ்ஜியோவின் பாம்புத்தலை மெதூசா மட்டும்தான் என்றால், அங்கேயே போய் அரை மணி நேரம் நிற்கலாம்.

கவனிக்க வேண்டியது ஒன்று. இத்தாலியில் சுற்றுலாக் கைடாக வேலை செய்ய உரிமம் வேண்டும். உரிமம் பெற்றவர் அடையாள அட்டை வைத்திருப்பார். முன்பணம் அனுப்பும் முன் அதைக் கேட்பதில் தவறே இல்லை, அவர்களும் தவறாக எடுத்துக்கொள்வதில்லை. அப்புறம், டிக்கெட்டை அவர் எடுப்பாரா, நீங்கள் எடுக்க வேண்டுமா என்பதை எழுத்தில் உறுதி செய்துகொள்ளுங்கள். கைடு கிடைத்து டிக்கெட் கிடைக்காமல் போனால் எல்லாம் வீண்.

## டிப்ஸ் நடை

"இலவச நடை டூர்" என்று விளம்பரம் செய்வார்கள். முடிவில் நாம் விரும்பியதைக் கொடுக்கலாம். தலைக்கு 10 முதல் 15 யூரோ கொடுப்பது வழக்கம், அதுதான் அந்தக் கைடின் வருமானம். நான்கு பேர் என்றால் 40 யூரோவுக்குக் குறையாமல் எடுத்து வையுங்கள். எந்த மியூசியத்துக்குள்ளும் போகாது. இரண்டு மணி நேரம் தெருவில்தான்.

ஃப்ளோரன்ஸின் தெருவுக்கு இது நன்றாகவே போதும். பழைய நகரம் மிகச் சிறியது. கதீட்ரலிலிருந்து பழைய பாலத்துக்குப் பத்து நிமிட நடை. வழி தவறவும் வாய்ப்பில்லை. அப்படியிருக்க கைடு எதற்கு? கண்ணில் படாதவற்றுக்கு. கதீட்ரலின் பின்பக்கத் தரையில் பதித்த வெள்ளைப் பளிங்கு வட்டம், குவிமாடத்தின் உச்சியிலிருந்த செம்புக் கோளம் மின்னல் தாக்கி விழுந்த இடத்தைக் குறிக்கிறது. அதன் மேல் மிதித்துக்கொண்டுதான் எல்லோரும் செல்ஃபி எடுக்கிறார்கள். சுவர்களில் தலைக்கு மேலே பதித்த சிறு பலகைகள், 1966 நவம்பர் 4 அன்று அர்னோ ஆறு எவ்வளவு உயரத்துக்கு வந்தது என்று காட்டுகின்றன. சிஞ்ஞோரியா சதுக்கத்தின் தரையில் ஒரு வட்டக் கல். 1498-இல் சவொனரோலா என்ற துறவியைத் தூக்கிலிட்டு எரித்த இடம் அது. பழைய பாலத்தில் இப்போது நகைக்கடைகள். 1593 வரை அங்கே இருந்தவை இறைச்சிக் கடைகள். நாற்றம் பொறுக்காத ஆட்சியாளர் ஃபெர்தினாந்தோ அவற்றை வெளியேற்றிவிட்டுப் பொற்கொல்லர்களைக் கொண்டுவந்தார்.

குறை என்னவென்றால் கூட்டம். 25, 30 பேர் சேர்ந்துவிடுவார்கள். பழைய நகரத்துக்குள் கைடுகள் ஒலிபெருக்கி பயன்படுத்த நகர நிர்வாகம் தடை விதித்திருக்கிறது. இது நல்ல முடிவுதான், குடியிருப்பவர்களின் நிம்மதியும் முக்கியம். ஆனால் ரேடியோ கொடுக்காத டூரில் பின்வரிசையில் நின்றால் ஒன்றும் காதில் விழாது. முன்னால் போய் நின்றுகொள்ளுங்கள். ஜூலை, ஆகஸ்டில் வெயில் 35 டிகிரியைத் தாண்டும், நிழல் குறைவு. காலை நடையையே எடுங்கள்.

## யாரும் இல்லாமல், நாமே

செலவு: டிக்கெட்டும் முன்பதிவுக் கட்டணமும் மட்டும். விரும்பினால் மியூசியத்தில் வாடகைக்குக் கிடைக்கும் ஆடியோ கருவி.

இது ஏழைகளின் வழி என்று நினைக்க வேண்டாம். தயாரித்துக்கொண்டு போகிறவருக்கு எல்லாவற்றிலும் சிறந்த வழி இதுவாகவே இருக்கலாம். ஒரு படம் பிடித்துவிட்டால் அதன் முன்னாலேயே அரை மணி நேரம் இருக்கலாம், யாரும் கையைப் பிடித்து இழுக்க மாட்டார்கள். ஆனால் "தயாரித்துக்கொண்டு" என்ற சொல்லை லேசாக எடுத்துக்கொள்ளாதீர்கள். உஃபிசியில் அறைகள் நூறைத் தொடும். திட்டம் இல்லாமல் போனால் கல்யாணப் பந்தியில் முதல் ஸ்வீட்டிலேயே வயிற்றை நிரப்பிக்கொண்ட கதையாகிவிடும். சோற்றுக்கு வரும்போது இடம் இருக்காது.

ஒரு திட்டம் சொல்கிறேன். மேல்மாடியில் சிமபுவே, தூச்சோ, ஜியொத்தோ மூவரும் இருக்கும் அறை. பியரோவின் இரட்டைப் படம். பொத்திச்செல்லியின் "வசந்தம்", "வீனஸின் பிறப்பு" இரண்டும். ஆற்றைப் பார்த்த ஜன்னல் அருகே கொஞ்சம் நின்று பழைய பாலத்தைப் பாருங்கள், நகரத்தின் நல்ல காட்சிகளில் அது ஒன்று. அப்புறம் மேற்குத் தாழ்வாரத்தில் லியொனார்டோவின் "மங்கள வார்த்தை", அவர் முடிக்காமல் விட்ட "மூன்று ஞானிகளின் வணக்கம்". மைக்கலாஞ்சலோ வரைந்த வட்டப்படமான "தோனி தோந்தோ". கீழ்த்தளத்தில் திசியானோவின் "உர்பினோ வீனஸ்", கரவாஜ்ஜியோவின் மெதூசாவும் பாக்கஸும், கடைசியாக ஆர்தெமீசியாவின் யூதித்து. பத்துப் பன்னிரண்டு படங்கள்தான். ஒவ்வொன்றைப் பற்றியும் வீட்டிலேயே ஒரு பக்கம் படித்துவிட்டுப் போனால் இரண்டரை மணி நேரம் நிறைவாகப் போகும். மற்றவற்றைக் கடந்து போவதில் குற்ற உணர்வு வேண்டாம்.

அக்காதெமியாவுக்கு இந்தத் தயாரிப்புகூட அதிகம் தேவையில்லை. டேவிட் 5 மீட்டருக்கு மேல் உயரம், கூடத்தின் முடிவில் வானத்து வெளிச்சத்துக்குக் கீழே நிற்கிறது. அதற்குப் போகும் வழியில் இரு பக்கமும் மைக்கலாஞ்சலோ முடிக்காமல் விட்ட கைதிகளின் சிலைகள், பாதி உடல் கல்லுக்குள்ளேயே. இரண்டு விஷயம் தெரிந்தால் போதும். டேவிட்டைச் செதுக்கிய பளிங்கு, அவருக்கு முன்னால் வேறு சிற்பிகள் தொட்டுவிட்டுக் கைவிட்ட கல். 1501-இல் எடுத்து 1504-இல் முடித்தார். அதை எங்கே வைப்பது என்று முடிவு செய்யக் கூடிய குழுவில் லியொனார்டோவும் பொத்திச்செல்லியும் இருந்தார்கள். சிஞ்ஞோரியா சதுக்கத்தில் நின்ற சிலையை 1873-இல் அக்காதெமியாவுக்குக் கொண்டுவந்தார்கள். இன்று சதுக்கத்தில் நிற்பது நகல். இனி சிலையைச் சுற்றி நடந்து, வலக்கையின் நரம்புகளையும், பக்கவாட்டிலிருந்து பார்க்கும்போது முகத்தில் தெரியும் பதற்றத்தையும் பாருங்கள். அங்கே இன்னொருவர் குரல் காதில் விழுவது எனக்கு இடைஞ்சலாகவே படுகிறது.

காசில்லாமல் பார்க்கக் கூடியதும் நிறைய உண்டு. சிஞ்ஞோரியா சதுக்கத்தின் ஓரத்தில் இருக்கும் லாஞ்சி மண்டபத்தில் செல்லினியின் வெண்கலப் பெர்சியஸும், ஜாம்போலோஞ்ஞா ஒரே கல்லில் செதுக்கிய மூன்று உருவங்களும் திறந்தவெளியில் நிற்கின்றன. ஞானஸ்நானக் கோவிலின் தங்கக் கதவு நகல்தான். கிபெர்த்தி 27 ஆண்டுகள் உழைத்து 1452-இல் முடித்த அசல், கதீட்ரலுக்குப் பின்னால் இருக்கும் கதீட்ரல் மியூசியத்தில் இருக்கிறது. அங்கே கூட்டமும் குறைவு.

இந்த வழியின் மறைந்த செலவு டிக்கெட் வாங்கும்போதே தொடங்குகிறது. தேடினால் முதலில் வருபவை பெரும்பாலும் இடைத்தரகர் தளங்கள். பார்வைக்கு மியூசியத்தின் சொந்தத் தளம் போலவே இருக்கும், விலை ஒன்றரை மடங்கு, இரண்டு மடங்கு. மியூசியத்தின் அதிகாரபூர்வத் தளத்தின் முகவரியைச் சரிபார்த்துப் பணம் கட்டுங்கள்.

## பக்கத்தில் வைத்துப் பார்த்தால்

இரண்டு பெரியவர்களுக்கான சுமார் செலவு இது. டிக்கெட் சேர்த்த கணக்கு.

| வழி | செலவு (யூரோ) | படத்தின் முன் நேரம் யார் கையில் | கால்களுக்கு |
|---|---|---|---|
| கூட்டு டூர் (எல்லாம்) | 220–300 | கடிகாரத்தின் கையில் | மிகக் கடினம் |
| உஃபிசி சிறு குழு | 130–180 | முதலில் கைடு, பிறகு நீங்கள் | நடுத்தரம் |
| தனிக் கைடு | 260–340 | நீங்களும் கைடும் பேசி | எளிது |
| டிப்ஸ் நடை (தெரு மட்டும்) | 20–30 | மியூசியம் கிடையாது | நடுத்தரம் |
| நாமே (உஃபிசி) | 58 | முழுக்க உங்கள் கையில் | உங்கள் விருப்பம் |

## யாருக்கு எது

ஒரே பகல்தான் இருக்கிறது, இனி வருவோமா தெரியாது என்றால் கூட்டு டூர். மனநிறைவு குறைவாக இருந்தாலும் எதையும் தவறவிட்ட கவலை இருக்காது. ஆனால் ரோமிலிருந்து பேருந்தில் கூட்டிவந்து திரும்பக் கொண்டுபோகும் டூரை மட்டும் எடுக்காதீர்கள். நாளின் பாதி சாலையிலேயே போய்விடும். ரயிலில் வந்து இங்கே டூரில் சேருங்கள்.

இரண்டு நாள் இருக்கும் தம்பதிக்கு: முதல் நாள் காலை டிப்ஸ் நடை, மதியம் அக்காதெமியா தனியாக, மறுநாள் காலை உஃபிசி சிறு குழு. கூட்டு டூரின் விலையை ஒட்டித்தான் வரும், ஆனால் கிடைப்பது இரு மடங்கு.

குழந்தைகளோ பெரியவர்களோ கூட இருந்தால் தனிக் கைடு, அதுவும் உஃபிசிக்கு மட்டும் இரண்டு மணி நேரம். மிச்சத்தை ஜெலாட்டோவுக்கும் ஓய்வுக்கும் விடுங்கள்.

படம் வரைகிறவர்கள், கலை வரலாறு படித்தவர்கள், தேவாலயத்தில் வளர்ந்து இந்தக் கதைகளைச் சிறு வயதிலிருந்தே அறிந்தவர்கள் எல்லாம் தனியாகவே போகலாம். ஐந்து நாள் செல்லுபடியாகும் சேர்ந்த டிக்கெட் ஒன்று உண்டு. உஃபிசி, பித்தி அரண்மனை, போபோலி தோட்டம் மூன்றும் அதில் அடங்கும். நிதானமாகப் பார்ப்பவர்களுக்கு அது லாபம்.

பாரிஸிலோ ஜெர்மனியிலோ வளர்ந்து ஐரோப்பிய ஒன்றியக் குடியுரிமை வாங்கிய நம் பிள்ளைகள் 18 முதல் 25 வயதுக்குள் இருந்தால் அரசு மியூசியங்களில் வெறும் 2 யூரோ. அவர்களுக்கு டிக்கெட் சேர்ந்த டூர் நஷ்டம். அடையாள அட்டையை மறக்காமல் எடுத்துப் போகச் சொல்லுங்கள். இந்தியா, இலங்கை பாஸ்போர்ட்டுக்கு இந்தச் சலுகை இல்லை.

## பணம் கட்டும் முன்

எந்த டூராக இருந்தாலும் சில கேள்விகளுக்கு விவரணையில் பதில் தேடுங்கள், இல்லையென்றால் கேட்டு எழுதி வாங்குங்கள். டிக்கெட் சேர்ந்த விலையா? குழுவில் அதிகபட்சம் எத்தனை பேர்? ஒரே மொழியா? உள்ளே விளக்குபவர் உரிமம் பெற்ற கைடா, அல்லது வாசலில் டிக்கெட்டைக் கொடுத்துவிட்டுப் போகும் உதவியாளர் மட்டுமா? மலிவான பல டூர்களில் கடைசியாகச் சொன்னதுதான் நடக்கும். "வரிசை இல்லை" என்பது டிக்கெட் வரிசையை மட்டும் குறிக்கும், பாதுகாப்புச் சோதனை எல்லோருக்கும் உண்டு.

தேதியும் முக்கியம். உஃபிசியும் அக்காதெமியாவும் திங்கட்கிழமை மூடியிருக்கும். மாதத்தின் முதல் ஞாயிறு அரசு மியூசியங்களில் நுழைவு இலவசம், அன்று வரிசை நீளமாக இருக்கும். ஃப்ளோரன்ஸில் ஒரே நாள் இருப்பவர் அந்த இலவசத்துக்கு ஆசைப்பட வேண்டாம். உஃபிசியில் பெரிய பைகளைக் கொடுத்து வைக்க இடம் உண்டு. அக்காதெமியாவில் கிடையாது, அதனால் ரயிலிலிருந்து நேராக வருகிறவர்கள் பெட்டியை ஸ்டேஷனிலேயே விட்டுவிட்டு வர வேண்டும். கதீட்ரலுக்குள் போகத் தோளும் முழங்காலும் மூடிய உடை வேண்டும். மெல்லிய துப்பட்டா ஒன்று பையில் இருந்தால் போதும்.

பயணத் தேதி உறுதியானதும் முதலில் உஃபிசியைப் பதிவு செய்யுங்கள், அடுத்து அக்காதெமியா, குவிமாடம் ஏறுவதாக இருந்தால் அதுவும். சீசனில் இந்த மூன்றுக்கும் சில வாரங்கள் முன்னதாகவே நல்ல நேரங்கள் தீர்ந்துவிடும். டிப்ஸ் நடைக்கு முந்தைய நாள் இரவு பதிவு செய்தாலும் பெரும்பாலும் இடம் கிடைக்கும்.